திருவரங்கம் பாசறையான காலம்

போர் மூண்டால் அரசு தனக்கு வேண்டிய கட்டடங்களைப் படையின் பயனுக்கு எடுத்துக்கொள்வது உலகெங்கும் உள்ள வழக்கம். இரண்டாம் உலகப் போரின்போது, 1939ஆம் ஆண்டின் இந்தியப் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ், நம் நாட்டிலும் வீடுகளும் நிலங்களும் அவ்வாறு எடுத்துக்கொள்ளப்பட்டன. உரியவருக்கு இழப்பீடு வழங்கவும் அச்சட்டம் வகை செய்திருந்தது. அதற்கு ஏறத்தாழ இருநூறு ஆண்டுகளுக்கு முன், இழப்பீடு என்ற பேச்சே இல்லாமல், திருச்சிராப்பள்ளியைச் சுற்றியிருந்த கோயில்களும் சத்திரங்களும் படைகளின் கைக்கு மாறின. அவ்வரலாற்றை நம் இளைஞர்கள் அறிந்திருத்தல் வேண்டும்.

ஆர்க்காட்டு நவாபு பதவிக்குச் சந்தா சாகிபும் முகமது அலியும் போட்டியிட்டனர். முன்னவருக்குப் பிரெஞ்சுக்காரரும் பின்னவருக்கு ஆங்கிலக் கம்பெனியாரும் துணை நின்றனர். 1751இல் முகமது அலி திருச்சிக் கோட்டைக்குள் இருந்தார். அவருக்குத் துணையாக வந்த ஆங்கிலப் படை முதலில் திருவரங்கம் கோயிலில் புகுந்தது. பின்னர், அத்தனை பெரிய சுற்றைக் காக்கத் தம்மிடம் ஆளில்லை எனக் கண்டு, ஆற்றைக் கடந்து கோட்டைப் பக்கம் ஒதுங்கியது. உடனே சந்தா சாகிபின் படையும் பிரெஞ்சுப் படையும் தீவைப் பிடித்துக்கொண்டன.

கோயிலை ஏன் நாடினர் என்று கேட்கலாம். காவிரிக்கும் கொள்ளிடத்துக்கும் நடுவே ஏழு திருச்சுற்றுகளுடன், உயர்ந்த கல் மதில்களுடன் நின்ற அந்த இடத்தைப் போல ஆயத்தமான கோட்டை வேறு எங்கே கிடைக்கும்? தண்ணீர் உண்டு, நெல் வைக்க இடம் உண்டு, ஆயிரக்கணக்கானோர் படுத்துறங்க மண்டபங்கள் உண்டு. இதே காரணத்தால் திருவானைக்காவும், குன்றின் மேலுள்ள திருவெறும்பூர்க் கோயிலும், சமயபுரத்துக் கோயில்களும் பாசறைகளாயின.

1752 ஏப்ரலில் பிரெஞ்சுத் தளபதி லா தென்கரையை விட்டுத் தீவுக்குள் ஒடுங்கினார். ஆங்கிலத் தளபதி லாரன்சு தெற்கே நிற்க, கிளைவு கொள்ளிடத்துக்கு வடக்கே சமயபுரம் சென்று உணவு வரும் வழியை அடைத்தார். அங்கே ஓர் இரவு கிளைவு சத்திரத்தில் உறங்கிக்கொண்டிருந்தபோது எதிரிகள் புகுந்து சுட்டனர். அவர் காலடியில் இருந்த பெட்டி சிதறியது. அருகில் படுத்திருந்த வேலையாள் மாண்டார். கிளைவு பிழைத்த அதிசயத்தை நூல்கள் விரித்து எழுதுகின்றன. அந்த வேலையாளின் பெயரையோ ஊரையோ அவை சொல்லவில்லை. பள்ளியில் இப்பாடத்தை நடத்தும்போதெல்லாம் நம் மனம் கிளைவிடம் நிற்பதில்லை, அந்த மனிதரிடமே நின்றுவிடுகிறது.

ஜூன் மாதத்தில் எல்லாம் முடிந்தது. சந்தா சாகிபு தஞ்சைத் தளபதி மானோஜியை நம்பிச் சென்று தலையை இழந்தார். லா சரணடைந்தார். ஏறத்தாழ 800 ஐரோப்பியரும் 2,000 சிப்பாய்களும் ஆயுதம் வைத்தனர். ஆனால் திருவரங்கம் கோயிலினுள் இருந்த ஆயிரம் இராசபுத்திர வீரர்கள் வெளியேற மறுத்தனர். மூன்றாம் சுற்றுக்குள் எவரேனும் கால் வைத்தால் வெட்டி வீழ்த்துவோம் என்று வெற்றி பெற்றவர்களுக்கே எச்சரிக்கை விடுத்தனர். ஆங்கிலேயர் அவர்களுடைய உறுதியை வியந்து, அங்ஙனம் நுழைவதில்லை என்று வாக்களித்தனர். இதனைப் பதிவு செய்தவர் சென்னையில் கம்பெனிப் பணியாற்றிய இராபர்ட் ஓர்ம் என்பவர்.

இவ்விடத்தில் நாம் சற்றே நின்று எண்ணவேண்டியுள்ளது. தூய்மை கெடும் என்று தலைமுறை தலைமுறையாக நம் முன்னோரை எட்ட நிறுத்திய மதில்களுக்குள் பீரங்கி வண்டிகள் உருண்டன, வெடிமருந்து அடுக்கப்பட்டது, அந்நியப் படைகள் மாதக்கணக்கில் உண்டு உறங்கின. எந்தச் சுற்று வரை நுழையலாம் என்பது பேசித் தீர்க்கும் பொருளாயிற்று. வாள் வைத்திருந்தவனிடம் பேச்சு நடந்தது. உழுதவனிடமும் பறை முழக்கியவனிடமும் தோல் பதப்படுத்தியவனிடமும் அந்தப் பேச்சு நடக்கவே இல்லை.

அப்போரில் நம்மவர் இல்லாமலும் இல்லை. கம்பெனியின் சென்னைப் படையில் பறையர் குலத்தார் சிப்பாய்களாகச் சேர்ந்திருந்தனர். பின்னாளில், 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில், 'போர்க்குடி' என்றொரு கொள்கையை உண்டாக்கிச் சென்னை மாகாணத்து ஆளெடுப்பையே ஆங்கிலேயர் சுருக்கினர். சிப்பாய்களைத் தவிர, மூட்டை சுமந்தோர், பல்லக்குத் தூக்கியோர், குதிரைக்குப் புல் அறுத்தோர் எனப் பெருந்திரள் ஒவ்வொரு படையின் பின்னும் சென்றது. இப்போரைப் பற்றிய ஆங்கில நூல்களில், காவிரித் தென்கரையில் படைகள் நிலைகொண்ட இடங்களுள் ஒன்றாகச் சக்கிலிப்பாளையம் என்ற ஊர்ப்பெயர் காணப்படுகிறது. சேணம், வார், நீர்ப்பை, செருப்பு ஆகிய யாவும் தோலாலானவை; அவை இன்றி அக்காலப் படை ஓரடியும் நகர்ந்திருக்காது. இழிவாகச் சொல்லப்பட்ட ஒரு பெயர் போர் வரலாற்றில் நிலைத்துவிட்டது. அங்கு வாழ்ந்தோரின் குடிசைகள் என்னவாயின என்பதை அந்நூல்கள் எழுதவில்லை.

சரணாகதியோடு திருவரங்கத்துக்கு அமைதி திரும்பவில்லை. முகமது அலி மைசூராருக்கு வாக்களித்திருந்தபடி திருச்சியைத் தராமல் தீவை மட்டும் தந்தார். மைசூரார் சினந்து பிரெஞ்சுக்காரரோடு சேர, 1753இல் மறுபடியும் முற்றுகை. பஞ்சத்துக்கு அஞ்சி நகர மக்கள் பெருந்தொகையாக வெளியேறினர். பொன்மலைப் போர் நடந்தது அவ்வாண்டில்தான். பிரெஞ்சுக்காவல் தீவை விட்டு நீங்கியது 1758இல்.

அவர்கள் நீங்கிய பின்னும் நமக்கு வாயில் திறக்கவில்லை. 1939 ஜூலை 8ஆம் நாள் மதுரை மீனாட்சியம்மன் கோயிலில் வைத்தியநாத ஐயர் முன்னின்று நடத்திய ஆலய நுழைவும், அதனையொட்டி வந்த சட்டமும் வழியைத் தொடங்கின. சென்னை மாகாணக் கோயில்கள் அனைத்துக்கும் பொருந்தும் ஆலய நுழைவுச் சட்டம் 1947இல் வந்தது. லா சரணடைந்து அப்போது 195 ஆண்டுகள் ஆகியிருந்தன.

கம்பெனியாரின் 1752ஆம் ஆண்டு இராணுவத் துறை நடவடிக்கைக் குறிப்பேடு சென்னையில் அச்சாகி வெளிவந்துள்ளது. மூல ஏடுகள் எழும்பூர் ஆவணக் காப்பகத்தைச் சார்ந்தவை. நம் சங்கத்தின் உதவியால் கல்லூரியில் வரலாறு பயில்வோர், விடுமுறையில் அங்குச் சென்று, தளபதிகளின் கடிதங்களோடு கூலியாட்களையும் வண்டிமாடுகளையும் பற்றி எழுதப்பட்டவற்றையும் தேடிப் படித்துக் குறிப்பெடுத்து வருவார்களாக.