தண்டவாளங்கள் ஓய்ந்தபோது

தாமிரபரணிக் கரைக்கு வேலைநிறுத்தம் புதிய செய்தியன்று. 1908-ல் தூத்துக்குடி கோரல் ஆலைத் தொழிலாளர், வ.உ.சிதம்பரனார் துணைநிற்க, கூலி உயர்வு பெற்றனர். வென்றவரை விட்டுவைக்குமா வெள்ளை ஆட்சி? சிறைப்படுத்தியது! கொதித்தெழுந்த நெல்லை மக்கள்மீது மார்ச்சு 13-ல் துப்பாக்கி பேசிற்று. நால்வர் மாண்டனர்.

இருபதாண்டு கழிந்தது. இம்முறை பகைத்துக்கொண்டது ஆலை முதலாளியையல்ல. தென்னிந்திய ரயில்வே கம்பெனியை! தூத்துக்குடித் துறைமுகத்துக்குப் பஞ்சுப் பொதி போவதும், மணியாச்சியில் பிரிந்து நெல்லைக்குப் பயணி போவதும் அதன் பாதையில்தான்.

வழக்கு என்ன? நாகப்பட்டினத்திலும் போத்தனூரிலும் இருந்த பணிமனை வேலைகளைப் பொன்மலையில் ஒன்றுசேர்க்கத் திட்டமிட்ட கம்பெனி, மூவாயிரத்துக்கு மேற்பட்டோரை வெளியேற்ற முனைந்தது. யார் தங்குவது, யார் தெருவுக்குப் போவது? அதற்கொரு தேர்ச்சிச் சோதனை! ஆண்டுக்கணக்கில் எஞ்சினைப் பழுதுபார்த்த கைக்குத் திறமை உண்டா என்று கேட்டனர், அந்த உழைப்பில் இலாபம் கண்டவர்கள். திறமையை அளக்கவா சோதனை? ஆளைக் கழிக்க!

1928 ஜூலையில் பாதை நெடுகிலும் வேலை நின்றது. முன்னின்றவர்கள் சிங்காரவேலரும் முகுந்தலால் சர்க்காரும். சிங்காரவேலருக்கு அப்போது வயது 68. மூட்டையைக் கட்டி ஓய்ந்திருக்கலாம், ஓயவில்லை. அரசு அடக்குமுறையை ஏவியது. பொது வேலைநிறுத்தம் இரண்டு வாரம்கூட நீடிக்கவில்லை. தலைவர்கள் சிறையில், சங்கம் சிதறியது. சிங்காரவேலருக்குப் பத்தாண்டுத் தண்டனை. பின்னர் குறைக்கப்பட்டு 1930-ல் வெளிவந்தார். 'குடி அரசு' வாசகர்கள் அவருடைய அறிவியல் கட்டுரைகளைப் படித்தது அதன் பிறகு.

தோல்விதான், மறைப்பானேன்? ஆனால் அதே ஆண்டு பம்பாய் ஆலைகளும் வங்கத்து லில்லுவா ரயில் பணிமனையும் கொந்தளித்தன. அரசு சும்மா இருக்க இயலவில்லை. முதலில் கயிறு வந்தது: 1929-ன் தொழில் தகராறுச் சட்டம், ரயில்வே போன்ற பொதுப்பணிகளில் 14 நாள் முன்னறிவிப்பின்றி வேலையை நிறுத்துவது குற்றம் என்றது. அதே ஆண்டிலேயே தொழிலாளர் நிலையை ஆராய விட்லி குழுவும் அமர்ந்தது.

1930-ல் ரயில்வே சட்டம் திருத்தப்பட்டு வேலை நேரத்துக்கு வரம்பு வந்தது. உலகத் தொழிலாளர் அமைப்பின் 1919 உடன்படிக்கைக்கும் இதில் பங்குண்டு. எல்லாப் புகழையும் வேலைநிறுத்தத்துக்கே சூட்டுவது வரலாறாகாது. தொடர்ந்து உழைப்போர்க்கு வாரம் 60 மணி. விட்டுவிட்டு வேலை செய்வோர்க்கு 84 மணி. அதாவது, கேட்டருகே அமர்ந்து வண்டிக்காகக் காத்திருக்கும் காவலாளிக்கு, ஏழு நாளும் நாளொன்றுக்குப் பன்னிரண்டு மணி நேரம்!