தி எலெக்ட்ரிக் ஹவுஸ்

1922-இல் வெளிவந்த அமெரிக்க மௌன நகைச்சுவைப் படம். பஸ்டர் கீட்டனும் எட்வர்ட் கிளைனும் இயக்கினார்கள், நாயகனும் கீட்டனே. மொத்தம் இரண்டு ரீல்தான். மனிதனுக்கு உதவ வந்த கருவி அவனையே பந்தாடும் கதைகள் மௌனப்பட உலகில் ஏராளம். அவற்றுள் முதல் வரிசையில் வைக்க வேண்டிய படம் இது.

தாவரவியல் படித்த இளைஞன் ஒருவனின் பட்டச் சான்றிதழ் இன்னொருவனுடையதோடு மாறிவிடுகிறது. அவனை மின்பொறியாளன் என்று நம்பிய செல்வந்தர் (ஜோ ராபர்ட்ஸ்) தம் மாளிகையை அவன் பொறுப்பில் விட்டுவிட்டு வெளியூர் போகிறார். திரும்பி வருவதற்குள் அவன் புத்தகத்தைப் பார்த்தே வேலையை முடித்துவிடுகிறான்: நகரும் படிக்கட்டு, பந்துகளைத் தானே எடுத்துத் தரும் பில்லியர்ட்ஸ் மேசை, நெம்புகோலை இழுத்தால் நிரம்பி வடியும் நீச்சல்குளம்.

எல்லாவற்றிலும் அழகு, சாப்பாட்டு மேசை ரயில். சமையலறையிலிருந்து மேசைவரை தண்டவாளம் போட்டிருக்கிறது. அதில் பொம்மை ரயில் தட்டுகளைச் சுமந்து வந்து விருந்தினர் முன்னால் நிற்கிறது. கருவிகள் ஒழுங்காக ஓடுவதை நாம் கண்குளிரப் பார்த்த பிறகுதான் கீட்டன் கோளாறுக்கு வழிவிடுகிறார். எது எங்கே போக வேண்டும் என்பது நமக்குப் பிடிபட்டிருப்பதால், உணவு மடியில் கொட்டும்போது சிரிப்பு இரட்டிப்பாகிறது. சான்றிதழ் மாறிப்போன உண்மையான மின்பொறியாளன் ரகசியமாக உள்ளே புகுந்து ஒயர்களை மாற்றி இணைத்ததும் வீடே ரணகளமாகிறது. வேகமெடுக்கும் படிக்கட்டு, ஏறியவர்களை மாடி ஜன்னல் வழியாகக் குளத்தில் எறிகிறது.

அந்தப் படிக்கட்டு கீட்டனையும் விட்டுவைக்கவில்லை. 1921-இல் இதே படத்தை எடுக்கத் தொடங்கியபோது அதில் சிக்கி அவருக்குக் கணுக்கால் முறிந்தது. படப்பிடிப்பு கைவிடப்பட்டு, மறு ஆண்டு எல்லாம் புதிதாக எடுக்கப்பட்டது. ஆபத்தான காட்சிகளில் தாமே இறங்கும் அவருடைய துணிவுக்குக் கொடுத்த விலை அது.

இந்தக் கருவுக்கு முன்னோடி உண்டு. ஸ்பானியரான செகுந்தோ தெ சோமோன் 1908-இல் எடுத்த ‘தி எலெக்ட்ரிக் ஹோட்டல்’ படத்தில் பெட்டிகள் தாமே நடந்து அறைக்குப் போகும், தூரிகை தானாகக் காலணிக்கு மெருகிடும். குடிபோதையில் ஒருவன் இயக்க அறையில் கைவைத்ததும் மேசை நாற்காலிகள் சுழன்றாடும். அங்கே எல்லாம் ஒவ்வொரு சட்டமாக நகர்த்தி எடுத்த கேமரா வித்தை. கீட்டன் வீட்டிலோ படிக்கட்டும் ரயிலும் உண்மையிலேயே ஓடின. 1923-இல் வந்த ஸ்னப் பொலார்டின் ‘இட்ஸ் எ கிஃப்ட்’ அடுத்துப் பார்க்க வேண்டியது. பெட்ரோலுக்கு மாற்று கண்டுபிடித்தவர் கையில் பெரிய காந்தத்தைப் பிடித்துக்கொண்டு, முன்னே போகும் கார்கள் இழுக்க இழுக்கத் தம் குட்டி வண்டியில் சவாரி போகிறார். அவருடைய மாற்று எரிபொருளை ஊற்றிய கார்கள் வெடித்துச் சிதறுகின்றன.