இருளின் படிகள்: மலையகத் திரைப்படமும் வீடியோ குறியாக்கமும்

இலங்கை இயக்குநர் பிரசன்ன விதானகேயின் ‘பாரடைஸ்’ (2023) படம், 2022ஆம் ஆண்டுப் பொருளாதார நெருக்கடியின்போது அந்நாட்டின் மலையகத்தில் நடக்கும் கதை. கேரளத்துத் தம்பதியரின் மடிக்கணினியும் கைபேசிகளும் இரவில் களவுபோகின்றன. பழி தமிழ்த் தோட்டத் தொழிலாளர்மேல் விழுகிறது. அந்த இருட்டில் யார் எவ்வளவு கண்டார்கள் என்பதைப் பொறுத்தே பார்வையாளரின் தீர்ப்பு அமையும். ஆகவே இத்தகைய படத்தின் இருளை எத்தனை ஒளிர்வுப் படிகளாகக் குறியாக்குகிறோம் என்பதும் கதையின் பொருளைத் தொடும் முடிவே.

வழக்கமான 8 பிட் வீடியோவில் கருமை 16, வெண்மை 235. திரையின் காமா (குறியீட்டு எண்ணை ஒளிர்வாக மாற்றும் அடுக்கு) 2.4 என்று கொண்டால், உச்ச ஒளிர்வில் நூற்றில் ஒரு பங்குக்குக் கீழுள்ள எல்லாவற்றுக்கும் சேர்த்து ஏறத்தாழ 32 படிகளே மிஞ்சும். 10 பிட்டில் சுமார் 128. ஹற்றன், நுவரெலியா இரவுகளின் மூடுபனிதான் இதற்குக் கடுமையான சோதனை. துரை பங்களாவின் விளக்கொளி பனிக்குள் மெல்ல மங்குகிறது என்று வைத்துக்கொள்வோம். 1920 புள்ளி அகலத்தில் அம்மங்கல் 6 படிகளுக்குள் அடங்கினால், ஒவ்வொரு படியும் 320 புள்ளி அகலப் பட்டையாகும். பனி இருந்த இடத்தில் நிலப்படத்தின் சமவுயரக் கோடுகள்போல விளிம்புகள் தோன்றும்.

சுருக்கும்போது இன்னும் பெரிய இழப்பு நேர்கிறது. எச்.264 (2003) முதலான முறைகள் படத்தைக் கட்டங்களாகப் பிரித்து, நுண்ணிய வேறுபாடுகளைப் பூச்சியமாக்கி இடத்தை மிச்சம்பிடிக்கின்றன. லயக் காம்பராவில் (தொழிலாளர் வரிசைக் குடியிருப்பின் அறையில்) குப்பி விளக்கொளியில் தெரியும் கறுத்த முகத்தில் கன்ன எலும்பு, கண்குழி, வியர்வை எல்லாமே ஓரிரு படி வேறுபாட்டில்தான் வாழ்கின்றன. அவை தட்டையான கட்டங்களாகிவிடும். வெளிச்சம் பட்ட சுவரோ விவரம் குறையாமல் நிற்கும். தொழிலாளியின் முகத்தை மிகையென்று கழிக்கும் கணக்கை நடுநிலையான கணக்கென்று ஏற்க முடியாது.

2019இல் ‘கேம் ஆஃப் த்ரோன்ஸ்’ தொடரின் இரவுப் போர் பற்றி, இருளில் எதுவும் தெரியவில்லை என்ற முறைப்பாடு உலகெங்கும் எழுந்தது. ஒளிப்பதிவாளர் ஃபேபியன் வாக்னர், ஒளிபரப்புச் சுருக்கத்தையும் வீட்டுத் திரைகளின் அமைப்பையும் காரணம் காட்டினார். பிட்ரேட்டை (நொடிக்கான தரவளவை) கூட்டுவது எளிய பதில். ஆனால் பள்ளத்துத் தோட்டங்களில் சிக்னல் குறைந்ததும் ஓடிடி தளம் தாழ்ந்த பிரதிக்கு இறங்கிவிடுகிறது. யாரைப் பற்றிய படமோ, அவர்களுக்கே மோசமான பிரதி போய்ச் சேரும். எனவே கவனம் வேண்டியது அந்தத் தாழ்ந்த பிரதியில்தான். அது எச்.264க்கு அடுத்த தலைமுறை முறையான எச்இவிசியில், 10 பிட்டாக இருக்கட்டும். இருண்ட பகுதிக்குக் கூடுதல் பிட் ஒதுக்கும் அமைப்பு (எச்இவிசி குறியாக்கியான எக்ஸ்265இல் ஏக்யூ மோட் 3) இயங்கட்டும். ஏவி1 (2018) முறையில், படச்சுருளின் துகள்களை நீக்கிச் சுருக்கி, திரையிடும்போது செயற்கைத் துகள்களைத் தூவும் வசதி உண்டு. பட்டைகளை மறைக்க அது உதவும். ஆவணப் பிரதிக்கு ஆகாது.

வி. பி. கணேசனின் ‘புதிய காற்று’ (1975) போன்ற மலையகப் படங்களை எண்மமாக்குவோர் எத்தனை பிட் என்பதை முதலிலேயே முடிவுசெய்ய வேண்டும். மூலப்பிரதியை 8 பிட்டில் வைக்காதீர்கள்: அங்கே தொலைந்த படிகளைப் பின்னர் எந்த மென்பொருளும் ஊகிக்கலாமே தவிர மீட்க முடியாது.