எல்லேயோரத் தீவில் இரண்டு கிழச் சிங்கங்கள்

இந்த வாரம் மௌனப்பட நடிகை ஆஸ்டா நீல்சனை அழைத்து வருவதாகச் சொல்லியிருந்தேன். வழியை இரண்டு சிங்கங்கள் மறித்துக்கொண்டன. அம்மணி கொஞ்சம் காத்திருக்கட்டும்.

1907, டென்மார்க். நார்டிஸ்க் சினிமா கம்பெனி தொடங்கி ஒரு வருஷம்தான் ஆகியிருந்தது. முதலாளி ஓலே ஓல்சன், ஊர் ஊராகச் சந்தைகளில் படப்பெட்டி காட்டிப் பிழைத்தவர். எதைக் காட்டினால் கூட்டம் கூடும் என்பது அவருக்கு அத்துப்படி. சிங்க வேட்டைப் படம் எடுக்க, ஹாம்பர்க் மிருக வியாபாரி ஹாகன்பெக்கிடம் இரண்டு கிழச் சிங்கங்களை வாங்கி, ரோஸ்கில்ட் கடற்கழியிலுள்ள எல்லேயோர என்ற பொட்டுத் தீவில் இறக்கினார். டென்மார்க் காட்டில் நாலு பனையைச் செருகினால் ஆப்பிரிக்கா தயார்! வரிக்குதிரையும் நீர்யானையும் மிருகக்காட்சிசாலையில் எடுத்து ஒட்டிய துண்டுகள்.

ஆனால் சிங்கத்துக்குப் போட்ட ஆடும் குதிரையும் நிஜம். அப்புறம் பாய்ந்த குண்டுகளும் நிஜம். இயக்குநர் விக்கோ லார்சனே வேட்டைக்காரராக நடித்தார். தோலை உரித்து முடித்ததும் வேட்டைக்காரர்கள் சாவகாசமாகப் புகைபிடிப்பார்கள். எனக்கு ரத்தத்தைவிட அந்தப் புகைதான் பொறுக்கவில்லை. 1894லேயே எடிசனின் ஆட்கள் இரண்டு பூனைகளுக்குக் கையுறை மாட்டிக் குத்துச்சண்டைப் படம் எடுத்திருந்தார்கள். அது சர்க்கஸ் வித்தை. இங்கே நடந்தது கொலை.

நீதி அமைச்சர் ஆல்பெர்ட்டி படத்துக்குத் தடை போட்டார். ஓல்சன் காதில் வாங்கவில்லை. பிலிம் கடல் தாண்டி சுவீடனுக்குப் போய், முதல் காட்சி அங்கே நடந்தது. ஓல்சனின் தியேட்டர் உரிமம் பறிபோனது. ஆனால் படம் 259 பிரதிகள் விற்றது. அமைச்சரின் தடையைவிட நல்ல விளம்பரம் காசு கொடுத்தாலும் கிடைத்திருக்காது.

அந்த அமைச்சர் யார் தெரியுமா? பதவியிலிருந்து இறங்கிய கையோடு, 1908 செப்டம்பரில் தாமே போலீசிடம் போய்ச் சரணடைந்தவர். குடியானவர்களின் சேமிப்பு வங்கியில் கோடிக்கணக்கில் கைவைத்திருந்தார். 1910ல் எட்டு வருஷம் தண்டனை. இப்படி ஓர் ஆள் எதிரியாக வாய்த்தால் ஓல்சனைக் கதாநாயகனாக்கத்தான் கை துடிக்கும். எனக்குத் துடிக்கவில்லை. ஆல்பெர்ட்டி திருடன்தான். சிங்கங்கள் விஷயத்தில் மட்டும் திருடன் சொன்னதே நியாயம்.

அமைச்சர் போனார், தடையும் போனது. 1908 நவம்பரில் டென்மார்க் திரையில் சிங்கங்கள் பாய்ந்தன. அவை தோலாகி ஒரு வருஷத்துக்கு மேல் ஆகியிருந்தது.

(தொடரும்)