தீர்ப்போடு வந்த போலீஸும் மனுப் போட்டு வாங்கிய போலீஸும்

தாத்தாவின் தகரப் பெட்டியில் 1930-களில் வாங்கிய தீர்ப்பு நகல் ஒன்று இருந்தது. கிணற்றுப் பங்கு வழக்கு. பிரெஞ்சுப் பள்ளியில் படிக்கிற பிள்ளை என்று அதை வாசித்து அர்த்தம் சொல்லும் வேலையை என்னிடம் கொடுப்பார்கள். தலைப்பில் 'பிரெஞ்சு மக்களின் பெயரால்' என்று இருக்கும். கடைசிப் பத்திதான் முக்கியம். உய்சியேக்கள் இந்தத் தீர்ப்பை நிறைவேற்ற வேண்டும். சட்டப்படி கேட்கப்பட்டால் போலீஸ், படை அதிகாரிகள் 'மேன் ஃபோர்த்', அதாவது கைகொடுக்க வேண்டும் என்று அதில் கட்டளை. அப்படி நிறைவேற்றுவதற்குத் தரும் நகல் எல்லாவற்றிலும் இந்தப் பத்தி உண்டு. அந்த வயதில் அதை வெறும் அலங்காரம் என்று நினைத்தேன்.

நம் ஊர் நிர்வாகம் 1954 நவம்பர் 1-ல் கைமாறியது. சட்டப்படி இணைந்தது 1962 ஆகஸ்ட் 16-ல். சிவில் நடைமுறை அதற்குப் பிறகும் சில வருஷம் பழையபடிதான். 1968-ல் பார்லிமெண்ட் போட்ட சட்டத்தின் மூலம்தான் இந்திய சிவில் நடைமுறைச் சட்டம் இங்கே வந்தது. உய்சியே போய் அமீனா வந்தார் என்று பெரியவர்கள் சொல்வார்கள்.

அந்தக் கடைசிப் பத்தியின் அருமை எனக்கு 1983-ல் தெரிந்தது. விதவையான என் அத்தையின் கொல்லைப்புற வேலியைப் பக்கத்து மனைக்காரர் பிடுங்கிப் போட்டு, நாலடி உள்ளே தள்ளிச் சுவர் எழுப்பக் கல் இறக்கினார். வழக்குப் போட்டு, 39-வது கட்டளைப்படி இடைக்காலத் தடையுத்தரவு வாங்கினோம். அன்று சாயங்காலம் அத்தை பிள்ளையாருக்குத் தேங்காய் உடைத்தார். மறுநாள் காலையில் கொத்தனார் வந்து நூல் பிடித்தார்.

நகலை எடுத்துக்கொண்டு ஸ்டேஷனுக்கு ஓடினேன். "சார், இது சிவில் மேட்டர். நீங்க கோர்ட்டுக்குத்தான் போகணும்" என்றார் அங்கிருந்தவர்.

"கோர்ட்டிலிருந்துதான் சார் வர்றேன்."

அவரைக் குறை சொல்ல மாட்டேன். இரண்டு தரப்பும் ஆளுக்கொரு காகிதம் நீட்டினால் அவர் எதை நம்புவார்? தடையை மீறினால் சொத்தை ஜப்தி செய்யலாம், மூன்று மாதம்வரை சிவில் சிறையிலும் வைக்கலாம். ஆனால் அது மீறிய பிறகு கிடைக்கும் தண்டனை; எழும் சுவரை நிறுத்தாது. அதனால் வக்கீல் 151-வது பிரிவில் போலீஸ் பாதுகாப்புக் கேட்டுத் தனி மனுப் போட்டார். மனை யார் அனுபவத்தில் இருக்கிறது, எதிர்த்தரப்புக்கு உத்தரவு சார்வாயிற்றா என்றெல்லாம் கேட்டார் நீதிபதி. நியாயமான கேள்விகள்தான். மூன்று வாய்தா, மூன்று வாரம்.

அதற்காகப் பிரெஞ்சு முறையே உசத்தி என்று சொல்ல வரவில்லை. அன்று அவர்கள் ஆட்சியில் இருந்த துனீசியாவில் கூய்தேயாஸ் என்பவருக்கு 38,000 ஹெக்டேர் நிலத்தை உறுதிசெய்து சூஸ் நகர நீதிமன்றம் 1908-ல் தீர்ப்பளித்தது. நிலத்தில் உள்ளூர்க் குடிகள் வாழ்ந்துகொண்டிருந்தார்கள். அவர்களை வெளியேற்றப் படை தர அரசாங்கம் மறுத்துவிட்டது. 1923 நவம்பர் 30-ல் பாரிசின் கோன்சேய் தெத்தா, அமைதி கெடும் என்று அஞ்சி மறுத்தது சரிதான், ஆனால் அந்த நஷ்டத்தை ஒரே ஆள் சுமக்கக் கூடாது, ஈடு கொடு என்றது. அந்தக் குடிகள் மேல் படை போகவில்லை என்பதில் எனக்குச் சந்தோஷமே. ஆனால் மறுத்தால் விலை கொடு என்கிற அந்த இரண்டாம் பாதி, ஸ்டேஷன் பெஞ்சில் உட்கார்ந்திருந்தபோது ரொம்ப நினைவுக்கு வந்தது.

சிவில் கோர்ட்டு 151-ல் போலீஸ் உதவிக்கு உத்தரவிடலாம் என்று நம் உச்ச நீதிமன்றம் பிற்பாடு சொல்லியிருக்கிறது. உரிமையே தீராத வழக்கில் நேரே ஹைகோர்ட்டில் ரிட் போட்டுப் போலீஸ் கேட்காதே என்றும் சொல்லிவிட்டது.

எங்களுக்கு உத்தரவு வந்தது. இரண்டு கான்ஸ்டபிள் வந்து நின்றார்கள், அத்தை மோர் கொடுத்தார், வேலை நின்றது. அதற்குள் சுவர் இடுப்பளவு வந்திருந்தது. ஆறு வருஷம் கழித்து வழக்கு ராஜியில் முடிந்து, நாலடிக்கு ஒரு தொகை வாங்கிக்கொண்டார் அத்தை. சுவர் அதே இடுப்பளவில் இன்னும் இருக்கிறது. அவர் பேரன் மனைவி அதில் வடகம் காயவைக்கிறாள்.