யாருடைய ஆத்திரம் சட்டத்துக்குத் தெரியும்?

‘ஆத்திரக்காரனுக்குப் புத்தி மட்டு’ என்பார்கள். சட்டமும் அதை ஒத்துக்கொள்கிறது. ஒருவன் இன்னொருவனைக் கடுமையாகவும் திடீரென்றும் சீண்ட, சீண்டப்பட்டவன் தன்வசமிழந்து அவனைக் கொன்றுவிட்டால் அது கொலைக்குற்றமில்லை, அதற்கும் கீழான குற்றம் என்றது இந்தியத் தண்டனைச் சட்டம் 300ஆம் பிரிவின் முதல் விதிவிலக்கு. தூக்கு கிடையாது. 2024 ஜூலை 1 முதல் நடப்புக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதாவிலும் 101ஆம் பிரிவில் அதே விதிவிலக்கு இருக்கிறது.

எங்க காலனி சனங்களோடு திருவண்ணாமலை கோர்ட்டுக்குப் போய்வந்து பழகியவன் என்கிற முறையில் எனக்கொரு கேள்வி. இதை எழுதினவங்க யாருடைய ஆத்திரத்தை மனசில் வைத்து எழுதினார்கள்?

விடை பதிவிலேயே இருக்கிறது. 1837இல் மெக்காலே தலைமையிலான ஆணையம் சட்ட முன்வரைவோடு விளக்கக் குறிப்புகளையும் கொடுத்தது. உடம்பில் பட்ட அடியைவிட அவமானம் அதிக ஆத்திரமூட்டும் என்பதற்கு அதில் வரும் உதாரணங்களைப் பாருங்கள். கண்ணெதிரே மதம் பழிக்கப்பட்ட முஸ்லிம், சாதியை இழக்கவைக்கப்பட்ட உயர்குடி ராஜபுத்திரன், அன்னியன் தலையை நுழைத்துவிட்ட மூடுபல்லக்குச் சீமாட்டியின் வீட்டார். பல்லக்கைத் தூக்கினவன் அந்தப் பட்டியலில் இல்லை. அவனுக்கும் மானம் உண்டு, அதுவும் புண்படும் என்று யாருக்கும் தோணவில்லை.

1959இல் பம்பாயில் கடற்படை அதிகாரி நானாவதி தன் மனைவியோடு தொடர்பிலிருந்த பிரேம் அகுஜாவைச் சுட்டுக்கொன்றார். 1961 நவம்பர் 24இல் உச்ச நீதிமன்றம் ஒரு அளவுகோல் வைத்தது: குற்றவாளியின் அதே சமூக வகுப்பைச் சேர்ந்த நியாயமான மனிதன் அந்த நிலைமையில் தன்வசமிழப்பானா? மனைவி சொன்னதற்கும் சுட்டதற்கும் நடுவே சுமார் மூன்று மணிநேரம், ஆத்திரம் ஆறியிருக்க வேண்டும் என்று விதிவிலக்கை மறுத்து ஆயுள் தண்டனையை உறுதி செய்தது. 1964இல் ஆளுநர் அவரை மன்னித்து விடுவித்தார்.

‘அதே சமூக வகுப்பு’, ‘திடீர்’. இந்த இரண்டில்தான் நம்ம கதை மாட்டிக்கொண்டிருக்கிறது.

தங்கை வேறு சாதிக்காரரை மணந்தாள் என்பதற்காக அவள் கணவனையும் அவன் குடும்பத்தாரையும் கொன்ற ஒரு அண்ணனின் வழக்கு மகாராஷ்டிரத்திலிருந்து உச்ச நீதிமன்றம் வந்தது. திட்டம் போட்டுச் செய்த கொலை. முதல் விதிவிலக்கு அங்கே நுழைய வழியில்லை. ஆனாலும் 2009 டிசம்பர் தீர்ப்பில், அவனுடைய சாதியுணர்வு தவறானது, ஆனால் நிஜமானது என்று கணக்கில் எடுத்துத் தூக்கு நீக்கப்பட்டது. நான் தூக்குக்கு ஆதரவானவன் இல்லை. முன்வாசலில் விடாத சாதி ஆத்திரம், தண்டனை பேசும்போது பின்வாசல் வழியே வந்துவிட்டதே என்கிறேன். 2011இல் அதே நீதிமன்றம் டெல்லி வழக்கொன்றில் ஆணவக்கொலைக்கு இரக்கமில்லை என்றது. அப்படியானால் நீதிபதிக்கு நீதிபதி மாறுகிற சங்கதியா இது?

நம்ம ஆத்திரமோ திடீரென்று வருவதில்லை. தண்டராம்பட்டுப் பக்கம் தென்முடியனூரில் தலைமுறைகளாக முத்துமாரியம்மன் கோயிலுக்கு வெளியே நின்ற சனங்கள், 2023 ஜனவரி 30இல்தான் போலீஸ் காவலோடு உள்ளே போனார்கள். அத்தனை வருசச் சீண்டலை எந்தக் கடிகாரத்தில் அளப்பது? களத்துமேட்டில் கூலி நெல்லைக் குறைச்சு அளந்தபோதெல்லாம் எங்க அம்மா முந்தானையை ஏந்திக்கொண்டு பேசாமல் நின்றாள். சட்டத்தின் கணக்கில் அது ஆறிப்போன ஆத்திரம்.

சென்னை உயர் நீதிமன்றம் ஒருமுறை இந்தக் கணக்கை மாற்றிப் போட்டது. சுயம்புக்கனி வழக்கு, 1989. புருசன் கொடுமை தாளாமல் பிள்ளைகளோடு கிணற்றில் குதித்து, தான் மட்டும் பிழைத்தவள்மேல் கொலைக்குற்றம். நல்லதங்காள் கதையை நினைவூட்டிய நீதிமன்றம், நீண்டநாள் தொடரும் சீண்டலும் சீண்டல்தான் என்று ஏற்றது. சட்டப் புத்தகத்தில் அந்தச் சொல் இன்னும் ஏறவில்லை.

கொல்வதற்கு உரிமை கேட்டு இதை எழுதவில்லை. எங்க சனம் குற்றவாளிக் கூண்டில் நிற்கும்போது கடைசி ஐந்து நிமிசத்தை மட்டும் விசாரிக்காதே, அதற்கு முந்தின ஐம்பது வருசத்தையும் விசாரி. சாதிக்காகக் கொன்றவன் நிற்கும்போது அவன் சாதியுணர்வைத் தண்டனையைக் குறைக்கும் காரணமாக எடுக்காதே. இரண்டையும் சட்டத்திலேயே எழுது. நீதிபதியின் மனசுக்கு விட்டுவிடாதே.