கண்ணாடிக்காகப் போன மந்திரி பதவி

தெற்கு வேல்ஸில் ட்ரெடிகர் என்ற ஊரில் பதினோரு வருஷம் டாக்டராக இருந்தேன். என்னிடம் வந்த கிழவர்களில் பலர் நிலக்கரிச் சுரங்கத்தில் உழைத்தவர்கள். நெஞ்சில் ஸ்டெதஸ்கோப்பை வைத்தால் கொல்லன் துருத்தி கேட்கும். அவர்களில் ஒருவர், மருந்துச் சீட்டை வாங்கியதும் “நை கொடுத்தது” என்று சொல்லித்தான் பையில் செருகுவார்.

நை என்பது அனைரின் பெவன். அதே ஊரில் 1897-ல் பிறந்து, சிறுவனாகவே சுரங்கத்துக்குள் இறங்கியவர். அப்பாவைக் கரித்தூசி கொன்றது. மகனுக்குத் திக்குவாய். நாக்கு தடுக்கும் சொல்லுக்குப் பதிலாக இன்னொன்றைக் கைவசம் வைத்துக்கொள்ளத் தொழிலாளர் நூலகத்தில் விழுந்து விழுந்து படித்தார். 1929-ல் எப்பு வேல் தொகுதியில் ஜெயித்தார். 1960-ல் சாகும்வரை அது அவர் கையைவிட்டுப் போகவில்லை.

1945-ல் பிரதமர் அட்லி அவரைச் சுகாதார அமைச்சராக்கினார். அதற்குமுன் எந்த மந்திரி பதவியும் வகித்ததில்லை. ஆனால் மாதிரி சொந்த ஊரிலேயே இருந்தது. ட்ரெடிகர் மருத்துவ உதவிச் சங்கத்துக்குத் தொழிலாளிகள் கூலியிலிருந்து பவுண்டுக்கு 3 பென்னி கட்டுவார்கள். வீட்டில் யார் படுத்தாலும் வைத்தியம் சங்கத்தின் பொறுப்பு. அதை நாடு முழுக்க விரித்ததுதான் 1948 ஜூலை 5-ல் தொடங்கிய தேசிய சுகாதார சேவை. கொடி பிடித்து எதிர்த்தவர்கள் என் தொழில்காரர்களே. அந்த பிப்ரவரியில் மருத்துவர் சங்கம் நடத்திய வாக்கெடுப்பில் பத்துக்கு ஒன்பது பேர் போல வேண்டாம் என்றார்கள். பெவன் பெரிய டாக்டர்களுக்குச் சம்பளமும் கொடுத்து, அரசு ஆஸ்பத்திரியிலேயே தனியாகக் காசு வாங்கி நோயாளிகளைப் பார்க்கவும் விட்டார். சாமர்த்தியம்தான். எனக்கு இன்றும் நெருடுகிற சாமர்த்தியம்.

நம் கிழவரின் அம்மா கார்டிஃபில் இருந்தவள். 1948-க்கு முன் வுல்வொர்த்ஸ் கடைத் தட்டில் குவிந்து கிடக்கும் கண்ணாடிகளை ஒவ்வொன்றாக மாட்டிப் பார்ப்பாளாம். எதில் ஊசிக்காது தெரிகிறதோ அதுதான் பவர்.

1951-ல் கொரியப் போர் நடந்துகொண்டிருந்தது. ஆயுதத்துக்கு மூன்று வருஷத்தில் 470 கோடி பவுண்டு என்று திட்டம். நிதியமைச்சர் கெய்ட்ஸ்கெல், அதுவரை சேவையில் இலவசமாகக் கிடைத்த கண்ணாடிக்கும் பல்செட்டுக்கும் பாதி விலையை மக்களே கட்டட்டும் என்றார். அந்த வருஷம் மிச்சமாவது 1.3 கோடி. அப்போது தொழிலாளர் துறைக்கு மாறியிருந்த பெவன், ஏப்ரலில் ராஜினாமா செய்தார். கொள்கை மட்டும் காரணம் என்று சொல்ல மாட்டேன். மருந்துச் சீட்டுக்கு ஒரு ஷில்லிங் வாங்க வழிசெய்த 1949 சட்டத்துக்குத் தலையாட்டியவர் அவரேதான். தன்னைவிட இளையவர் நிதியமைச்சரானதும் உறுத்தியிருக்கும். அக்டோபர் தேர்தலில் அவருடைய தொழிலாளர் கட்சி தோற்றது. அடுத்த வருஷம் கன்சர்வேட்டிவ்காரர்கள் அந்த ஷில்லிங்கை வசூலிக்கத் தொடங்கினார்கள். பெவன் மறுபடி மந்திரியாகவே இல்லை.

அவர் திறந்தவெளியில் பேசிய மேட்டில் நான்கு சுண்ணாம்புப் பாறைகளை நட்டிருக்கிறார்கள். பெரியது அவர், மற்ற மூன்றும் தொகுதியின் ஊர்கள். ஒருநாள் கிழவரைக் காரில் கூட்டிப்போனேன். தூறல். கண்ணாடியைக் கழற்றிச் சட்டை நுனியில் துடைத்து மாட்டிக்கொண்டு, பெரிய கல்லையே பார்த்தார்.

“கோபக்காரன். கொஞ்சம் பொறுத்திருக்கலாம்” என்றார்.